சிவப்பு நூல் மூட்டை

யூனுஸ் பாயின் மெத்தைக் கடைக்கு இரண்டு வாசல். முன்வாசல் முனிச்சாலைப் பக்கத்துத் தெரு ஒன்றைப் பார்த்திருக்கும். மெத்தை, தலையணை வேண்டுபவர்கள் அந்த வழியாக வருவார்கள். பின்வாசல் ஒரு முடுக்குச் சந்தில் திறக்கும். அழ வேண்டியவர்கள் அந்த வழியாக வருவார்கள்.

இதைச் சொன்னால் அந்தத் தெருக்காரர்களே சிரிப்பார்கள். எதிரே டீக்கடை வைத்திருப்பவருக்கு முப்பது வருஷமாகத் தெரிந்ததெல்லாம், வாரத்துக்கு ஒன்றிரண்டு பேர் மேலூர்ப் பக்கத்து பஸ்ஸில் இறங்கி, முகத்தை இறுக்கி வைத்துக்கொண்டு சந்துக்குள் போவார்கள், அரை மணி கழித்து முகம் கழுவிக்கொண்டு வருவார்கள் என்பது மட்டும்தான். யூனுஸ் பாய் ஏதோ தாயத்து மந்திரிக்கிறார் என்று அவராக ஒரு முடிவுக்கு வந்திருந்தார். பாய்க்கு மந்திரமும் தெரியாது, மாயமும் தெரியாது. ஊசி கோக்கவே இப்போதெல்லாம் இரண்டு கண்ணாடி வேண்டியிருக்கிறது.

விஷயம் இதுதான். திருவாதவூரைத் தாண்டிப் போனால் கீழப்பாறைப்பட்டி என்று ஒரு ஊர். ஊருக்குக் கிழக்கே ஒரே கல்லாக நிமிர்ந்து நிற்கும் பாறைக்கு கேட்டான் பாறை என்று பெயர். ஊரில் யாராவது குரலை உயர்த்தினால் அந்தச் சத்தம் பாறையில் பட்டுத் திரும்பி வரும். எல்லாப் பாறைக்கும் உள்ள வழக்கம்தானே என்பீர்கள். ஆனால் இந்தப் பாறை திருப்பிக் கொடுக்கும் சத்தத்துக்கு ஒரு குணம் உண்டு. அது எதனால் எழுந்ததோ, அது இன்னொரு தடவை நடக்கும். கல்யாண வீட்டுக் குலவை திரும்பி வந்தால் அந்தத் தெருவில் இன்னொரு கல்யாணம். கன்று போட்ட பசுவின் கத்தல் திரும்பி வந்தால் இன்னொரு தொழுவத்தில் இன்னொரு கன்று. சாவு வீட்டு ஒப்பாரி திரும்பி வந்தால் என்ன நடக்கும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. எந்தக் காலத்திலோ ஒரே கோடையில் பதினோரு பாடை எடுத்த பிறகுதான் ஊருக்கு அது உறைத்திருக்கிறது. அன்று முதல் அங்கே சாவுக்கு யாரும் வாய்விட்டு அழுவதில்லை. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு, பிணத்தைச் சுற்றி மீன் மாதிரி வாயைத் திறந்து மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள்.

முப்பது வருஷத்துக்கு முன்னால் அந்த ஊர் சுந்தரம்மாள் தலையணை வாங்க வந்தாள். புருஷன் போய் பத்து நாள்தான் ஆகியிருந்தது. இலவம்பஞ்சைத் தொட்டுப் பார்க்க வேண்டும் என்றாள். யூனுஸ் பாய் உள்ளறையைத் திறந்துவிட்டார். நான்கு சுவரிலும் கூரை வரைக்கும் பஞ்சு அடுக்கிய அறை அது. உள்ளே போன சுந்தரம்மாள் என்னவோ சொல்லி, சொன்ன இடத்திலேயே நின்றுவிட்டாள்.

"பாய், இங்கன பேசுனா சத்தம் திரும்பி வரலையே?"

"பஞ்சுக்குள்ள போனது எங்கம்மா திரும்பி வரும்?"

"அப்ப நான் கொஞ்ச நேரம் அழுதுக்கிறட்டா?"

யூனுஸ் பாயின் மனைவி சாதிகா பின்னாலிருக்கும் வீட்டிலிருந்து வந்து, அவரைக் கையைப் பிடித்து வெளியே இழுத்து, கதவைச் சாத்தினாள். அரை மணி கழித்து சுந்தரம்மாள் வெளியே வந்தபோது ஒரு செம்புத் தண்ணீரும் ஒரு கிளாஸ் டீயும் தயாராக இருந்தன. "அம்புட்டையும் இங்கனயே எறக்கி வச்சிட்டுப் போங்க. பஸ்ஸுல கூட்டமா இருக்கும்" என்றாள் சாதிகா. சுந்தரம்மாள் சிரித்துவிட்டாள். அவளுக்குப் பின்னால் ஊரே வரத் தொடங்கியது.

அழுகை விழுந்த பஞ்சு கனக்கும் என்பதை யூனுஸ் பாய் கையால் கண்டுகொண்டார். பார்வைக்கு வித்தியாசமே தெரியாது. அள்ளினால் மட்டும், நனையாமலே நனைந்தது போல் இருக்கும். ஒருநாள் தெரியாத்தனமாக அதில் ஒரு பிடியை எடுத்துக் கம்பால் அடித்துக் கொட்டிவிட்டார். பஞ்சு பிரிந்ததும் அதற்குள்ளிருந்து ஒரு பெண் விம்முகிற சத்தம் எழுந்து, கூரையைத் தடவிவிட்டு அடங்கிப் போனது. பாய் கம்பைக் கீழே போட்டவர், அன்று முழுக்கத் தொழுகையில் பிழை விட்டார். அதன் பிறகு அந்தப் பஞ்சை அவர் மெத்தைக்குத் தொட்டதில்லை. வருஷத்துக்கு ஒருமுறை அறையிலிருந்து எடுத்து, மூட்டையாகக் கட்டிப் பரணில் ஏற்றிவிடுவார். கட்டுவதற்கு வெள்ளை நூல். கல்யாண மெத்தைக்கு ஒதுக்கிய நல்ல பஞ்சுக்கு மட்டும் சிவப்பு நூல். இந்த ஒழுங்கெல்லாம் சாதிகா வைத்தது. கடையில் பாய் தைப்பார், மற்றதையெல்லாம் அவள் பார்ப்பாள்.

நிக்காஹ் ஆன நாளிலிருந்து சாதிகா அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அவள் வளர்ந்த வீட்டில் எந்தப் பெண்ணும் புருஷன் பெயரை வாயால் சொன்னதில்லை. ரேஷன் கடையில் கேட்டால்கூடப் பக்கத்தில் நிற்பவளைப் பார்ப்பாள், அவள்தான் சொல்ல வேண்டும். மதியம் சோறு வைத்துவிட்டு, கடைக்குப் பின்னாலிருக்கும் வீட்டிலிருந்து "ஏங்க" என்பாள். "இந்தா வாரேன்" என்பார் இவர். சொல்லிவிட்டு ஒரு மணி நேரம் கழித்துத்தான் போவார். ஓரம் தைக்கும்போது பாதியில் விட்டால் தையல் கோணிவிடும் என்று அவருக்கு ஒரு சாக்கு இருந்தது. முப்பத்தைந்து வருஷம் அவள் ஆறிய சோற்றைச் சூடு பண்ணியே காலத்தை ஓட்டினாள்.

அவளுக்கு உடம்புக்கு முடியாமல் போன கடைசி எட்டு மாதம், மதியம் சாப்பிட்டதும் பஞ்சு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வாள். கால் மணி நேரம் இருக்கும். வெளியே வரும்போது முகம் தெளிந்திருக்கும். வலியில் அழுகிறாள் என்று பாய் நினைத்துக்கொண்டார். ஒரு நாளும் கேட்கவில்லை. அந்த அறைக்குள் என்ன செய்தாய் என்று யாரையும் கேட்கக் கூடாது என்பது கடையின் சட்டம். சட்டம் என்று சொல்லிக்கொண்டாலும் பயம்தான் காரணம்.

கார்த்திகை மழையில் ஒரு மதியம் அவள் "ஏங்க" என்றாள். "இந்தா வாரேன்" என்றார் பாய். ஒரு ஓரம் பாக்கியிருந்தது. முடித்துவிட்டுப் போனபோது அவள் போயிருந்தாள்.

மூன்றாம் நாள் அவர் பஞ்சு அறைக்குப் போய், சாதிகா வழக்கமாக உட்கார்ந்த மூலையின் பஞ்சை மட்டும் தனியாக அள்ளினார். மூட்டையின் வாயைக் கட்ட அவளுடைய தையல் பெட்டியைத் திறந்தால் அதில் சிவப்பு நூல் மட்டுமே மிச்சமிருந்தது. அதனாலேயே கட்டினார். பரணில் ஏற்றினார். மூன்று வருஷமாக அது அங்கே இருக்கிறது. ஒரு பிடி எடுத்துக் கொட்டினால் அவள் குரலைக் கேட்கலாம். கேட்டால், அந்தக் குரல் தன்னைக் குறை சொல்லி அழும். சொல்லாமல் எப்படி இருக்கும்? எத்தனை ஆறிய சோறு! கேட்காமல் செத்துப்போகவும் மனமில்லை, கேட்டுவிட்டு உயிரோடு இருக்கவும் தைரியமில்லை. தினமும் கடை சாத்தும் முன் பரணை ஒருமுறை பார்த்துக்கொள்வார். இப்படியே நாள் போனது.

தை மாதத்தில் ஒரு விடியற்காலை, பாய் கடைக்கு வந்தபோது ஷாகிர் கைகால் கழுவிக்கொண்டிருந்தான். அவன் பாயின் அக்கா மகன். முப்பது வயசு, பொண்டாட்டி சமீனாவோடு பின்வீட்டிலேயே இருக்கிறான். வேலையில் கெட்டிக்காரன், அவசரத்திலும் கெட்டிக்காரன்.

"மாமு, கீழப்பாறைப்பட்டி நாகஜோதி அக்கா மக கல்யாண மெத்தை போயிருச்சு. குட்டியானை வண்டியில ஏத்திவிட்டுட்டேன். இன்னிக்குத்தான முகூர்த்தம்."

"பஞ்சு பத்துச்சா?"

"எங்க பத்துச்சு? பரண்ல ஓரமா செவப்பு நூல் கட்டி ஒரு மூட்ட கெடந்துச்சுல்ல, கல்யாணப் பஞ்சுன்னு அதையும் சேத்து அடைச்சுட்டேன். கொட்டிப் பிரிக்க நேரமில்ல, கொத்துக் கொத்தா அப்படியே போட்டுட்டேன். அவுங்க தட்டுனா சரியாப் போயிரும். என்னா கனங்குறீங்க!"

யூனுஸ் பாய் மெத்தைக் குவியலின் மேல் உட்கார்ந்துவிட்டார். அந்த ஊர் வழக்கம் அவருக்குத் தெரியும். கல்யாணத்தன்று காலையில் புது மெத்தையை மொட்டை மாடியில் வெயிலில் விரித்து, பெண்ணைப் பெற்றவள் மூங்கில் கம்பால் மூன்று தட்டுத் தட்ட வேண்டும். அந்த மாடியிலிருந்து பார்த்தால் கேட்டான் பாறை நேர் எதிரே நிற்கும். தட்டினால் சாதிகாவின் அழுகை வெளியே வரும். பாறைக்குப் போகும். திரும்பி வரும். ஒரு கல்யாண வீட்டின் மேல் சாவு வந்து இறங்கும்.

நாகஜோதிக்குப் போன் அடித்தார். அடித்துக்கொண்டே இருந்தது. அந்த ஊரில் யார் போனும் சத்தம் போடாது, எல்லாம் சட்டைப்பையிலும் முந்தானையிலும் கிடந்து சும்மா துடித்துக்கொண்டிருக்கும். கல்யாண வீட்டில் யார் அதைக் கவனிப்பார்கள்?

"வண்டிய எடுடா" என்றார்.

மாட்டுத்தாவணி தாண்டி, ஒத்தக்கடையில் திரும்பும்போது பனி இன்னும் முழுதாக விலகவில்லை. யானைமலை பாதிதான் தெரிந்தது, பாதி வானத்தோடு கரைந்திருந்தது. இரண்டு பக்கமும் அறுப்புக்கு நின்ற வயல்கள், வரப்புகளில் அசையாத கொக்குகள். பாயின் தாடியில் ஒட்டியிருந்த பஞ்சுத் தூசி காற்றில் ஒவ்வொன்றாகப் பிரிந்து பின்னால் பறந்தது. வண்டி ஓடுகிறதா, நின்ற இடத்திலேயே சாலை தன்னால் நழுவிப் போகிறதா என்று அவருக்குப் புரியவில்லை. கல்யாணத்தைக் காப்பாற்றப் போகிறேன் என்று மனசுக்குச் சொல்லிக்கொண்டார். அது பாதி உண்மை. மீதிப் பாதி, அந்த மூட்டை தன்னை விட்டுப் போய்விட்டதே என்ற பதைப்பு. அவள் என்னைப் பற்றி என்ன சொன்னாள் என்று நான் கேட்கும் முன் ஒரு ஊரே கேட்கப் போகிறதே என்ற வெட்கமும் அதில் இருந்தது.

கீழப்பாறைப்பட்டிக்குள் நுழைந்ததும் ஷாகிர் ஆரன் அடிக்கப் போன கையைப் பாய் தட்டிவிட்டார். தெருக்கோடியில் பந்தல். மாடியில் நாகஜோதி நின்றாள். ஏழு வருஷத்துக்கு முன்னால் புருஷன் காளை செத்துப்போனபோது பஞ்சு அறையில் ஒரு முழு மதியம் அழுதவள். இன்று மகள் முத்துமீனாவுக்குக் கல்யாணம். அரக்குப் பட்டுச்சேலை கட்டி, கையில் மூங்கில் கம்போடு நின்றாள். மெத்தை வெயிலில் விரிந்து கிடந்தது.

கத்த முடியாது. பதறிக் கத்தினால், பதறுகிற காரியம் ஒன்று மறுபடி வந்து நிற்கும். பாய் தெருவில் நின்று இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கி ஆட்டினார். வேண்டாம் வேண்டாம் என்று ஆட்டினார். நாகஜோதி பார்த்தாள். முகம் மலர்ந்தது. பாய் கல்யாணத்துக்கு வந்துவிட்டாரே என்று அவளும் கம்பைத் தூக்கி ஆட்டினாள். பக்கத்தில் நின்ற பெண்களும் கையாட்டினார்கள். பாய் தலையில் அடித்துக்கொண்டு படிக்கட்டைப் பார்த்து ஓடினார்.

பாதிப் படியில் இருக்கும்போது முதல் தட்டு விழுந்தது.

"யூனுஸ்."

பாய் நின்றுவிட்டார். சாதிகாவின் குரல். அழுகை இல்லை. புதுச் செருப்பைப் போட்டு நடந்து பார்ப்பவள் போல, அந்தப் பெயரை வாயில் போட்டுப் பார்க்கிற மாதிரி மெல்லச் சொன்னது.

இரண்டாவது தட்டு. "யூனுஸ். யூனுசு. டேய் யூனுஸ்." அதற்குப் பின்னால் ஒரு சிரிப்பு, கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கும் சிரிப்பு. வாத்தியார் ஆஜர் எடுப்பது போல் ஒன்று. கோபம் வந்தவள் போல் ஒன்று. ஒன்றுமே இல்லாமல், பக்கத்தில் படுத்திருப்பவனை இருட்டில் கூப்பிடுவது போல் ஒன்று. எட்டு மாதத்து மதியங்கள் ஒவ்வொன்றாகப் பஞ்சிலிருந்து எழுந்து மாடிக் காற்றில் கரைந்தன. உலகத்திலேயே சொன்ன சொல் திரும்பி வராத ஒரே இடத்தைத் தேடிப் போய், வாழ்நாளெல்லாம் சொல்லாத பெயரை அவள் சொல்லித் தீர்த்திருக்கிறாள். யூனுஸ் பாய் படிக்கட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதார். சத்தமில்லாமல்தான் அழுதார், அந்த ஊர்க்காரர் மாதிரியே.

மாடியில் பெண்கள் சிலையாகி நின்றார்கள். மூன்று தட்டு என்பது வழக்கம், இரண்டோடு நிறுத்தினால் குறை. நாகஜோதிக்குக் கை தானாகவே இறங்கியது.

மூன்றாவது தட்டில் வந்ததுதான் பெரிய குரல். மதியச் சோற்றுக்குக் கூப்பிடும் அதே குரல். முற்றத்தைத் தாண்டி, கடையைத் தாண்டிக் கேட்கிற மாதிரி, தொண்டை திறந்து ஒரே ஒரு கூப்பாடு:

"யூனுஸ்!"

"இந்தா வாரேன்!" என்றார் பாய்.

யோசித்துச் சொல்லவில்லை. முப்பத்தைந்து வருஷப் பழக்கம் சொன்னது. சொன்ன குரலும் சின்னக் குரல் இல்லை. இரண்டும் ஒன்றன் பின் ஒன்றாக மாடியைக் கடந்து, வயலைக் கடந்து, பாறையைப் பார்த்துப் போயின. செத்தவள் கூப்பிட்டிருக்கிறாள், இருப்பவர் வருகிறேன் என்றிருக்கிறார். அது திரும்பி வந்தால் என்ன ஆகும் என்று அந்த ஊரில் பால் குடிக்கிற பிள்ளைக்கும் தெரியும்.

நாகஜோதி கம்பை வீசிவிட்டுப் படிக்கட்டுக்கு ஓடி வந்து, பாயின் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, பாறையைப் பார்த்துத் தொண்டை கிழியக் கத்தினாள்.

"இப்ப வேணாம்ணே! போகாதீங்க! இருந்து எல்லாத்தையும் பாத்துட்டு, பையப் போகலாம்ணே!"

புருஷன் செத்தபோதுகூட அந்த ஊருக்குள் வாயைத் திறக்காதவள் அவள். கீழே பந்தலில் பந்தி விரித்தவர்கள் அண்ணாந்து பார்த்தார்கள். நாயனக்காரர் குழலை வாயிலிருந்து எடுத்தார்.

பாறை கொஞ்ச நேரம் எடுத்துக்கொண்டது. பிறகு ஒவ்வொன்றாகத் திருப்பிக் கொடுத்தது. முதலில் சாதிகா கூப்பிட்டாள். அடுத்து பாய் வருகிறேன் என்றார். கடைசியாக நாகஜோதி அவரைப் போகவிடாமல் தடுத்தாள். மூன்றும் வந்த வரிசை மாறாமல், பனி விலகிய வயல்களின் மேல் மிதந்து வந்து, மாடியைத் தொட்டுப் போயின.

"என்னண்ணே, இப்புடி ஒரு வார்த்தையச் சொல்லிப்புட்டீங்க" என்றாள் நாகஜோதி. கையை இன்னும் விடவில்லை.

பாய் கண்ணைத் துடைத்துக்கொண்டார். முகத்தில் பயம் இல்லை. மூன்று வருஷமாக முதுகில் ஏறி உட்கார்ந்திருந்த ஒன்று இறங்கிவிட்ட முகமாக இருந்தது. "இன்னொரு தடவ அவ கூப்புடுவா, தங்கச்சி. அன்னிக்கு நான் லேட்டாப் போயிட்டேன். கேட்டுச்சுல்ல? இன்னொரு தடவ கூப்புடுவா."

"கூப்புடட்டும். மூணாவதா நான் தடுத்ததும் கேட்டுச்சுல்ல? அதும் நடக்கணும்ல. நான் வந்து கையப் புடிக்காம நீங்க எங்கயும் போக முடியாது. பாறை சொல்லிருச்சு."

"அப்பப் போகவே விட மாட்டியா?"

"அத அப்பப் பாப்போம். இப்ப சாப்புட வாங்க."

பாய் மாடிக்கு ஏறிப் போய், மெத்தையின் பக்கத்தில் மண்டியிட்டு, அதன் மேல் காதை வைத்துக் கேட்டார். ஒன்றுமில்லை. கையால் அமுக்கினார். பூப்போல இருந்தது, கனமெல்லாம் போயிருந்தது. இதை மாற்றி வேறு மெத்தை அனுப்பட்டுமா என்று ஷாகிர் தயங்கித் தயங்கிக் கேட்டான். நாகஜோதி மகள் முகத்தைப் பார்த்தாள். மணமகள் கோலத்தில் மாடிப்படியில் நின்றிருந்த முத்துமீனா, "இதே இருக்கட்டும். ஒரு மனுசனை இம்புட்டு ஆசையாக் கூப்புட்ட பஞ்சும்மா இது" என்றாள். கீழே தாலி ஏறியதும் பெண்கள் பாறையைப் பார்த்துக் குலவை போட்டார்கள். அந்தக் குலவையும் திரும்பி வந்தது. அதற்கடுத்த கல்யாணம் யார் வீட்டில் என்று அங்கேயே பேச்சு தொடங்கிவிட்டது.

இதெல்லாம் நடந்து ஒரு வருஷம் ஆகப் போகிறது. பஞ்சு அறை இன்னும் இருக்கிறது, பின்வாசல் வழியாக ஆட்கள் வந்து அழுதுவிட்டுப் போகிறார்கள். டீ போட்டுக் கொடுப்பது இப்போது சமீனா. அமாவாசை தவறாமல் நாகஜோதி முன்வாசல் வழியாக வந்து, "இருக்கீங்களாண்ணே?" என்று எட்டிப் பார்த்து, கையை ஒருமுறை பிடித்துப் பார்த்துவிட்டுப் போகிறாள். தன் வேலை இன்னும் பாக்கியிருக்கிறது என்கிறாள்.

யூனுஸ் பாய் முன்போலவே தைக்கிறார். ஒன்றுதான் மாறியிருக்கிறது. மதியம் பின்வீட்டிலிருந்து சமீனா "மாமு, சோறு வச்சாச்சு" என்று ஒரு குரல் கொடுத்தால் போதும், ஊசியை நட்டநடு ஓரத்தில் குத்திவைத்துவிட்டு எழுந்துவிடுகிறார். தெருவில் காய்கறிக்காரன் கூவினாலும் எழுந்து நின்று பார்த்துவிட்டுத்தான் உட்காருகிறார். மெத்தைகளில் தையல் கோணுகிறது. ஷாகிர் பொறுத்துப் பார்த்துவிட்டு ஒருநாள் கேட்டேவிட்டான்.

"என்னா மாமு, இப்பல்லாம் ஒத்தச் சத்தத்துக்கே எந்திரிச்சிடுறீங்க?"

பாய் செம்பை எடுத்து, விரல் விரலாகக் கையைக் கழுவினார்.

"இதுல எது அவ சத்தம்னு யாருடா கண்டா" என்று சொல்லிவிட்டு, சோறு ஆறும் முன் உள்ளே போனார்.